கொடி ஏறியது, கப்பல் வரவில்லை

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் நலம். அப்பாவுக்குக் கண் ஆபரேஷன் முடிந்து பதினைந்து நாள் ஆகிறது. கருப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வாசலில் உட்கார்ந்து, போகிறவர் வருகிறவர் எல்லாரையும் நிறுத்திப் பேசிக்கொண்டிருக்கிறார். சொட்டு மருந்து போடும் நேரம் மட்டும் ஆள் காணாமல் போய்விடுவார். கடலூரில் வெயில் மண்டையைப் பிளக்கிறது.

போன ஞாயிற்றுக்கிழமை நீ பேசியபோது லைன் விட்டு விட்டுத்தான் வந்தது. ஆனாலும் இரண்டு விஷயம் தெளிவாகக் காதில் விழுந்தது. செங்கடல் பக்கம் போகாமல் ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டு வருகிறீர்கள், கேப் வெர்டி தீவுகளைத் தாண்டிவிட்டீர்கள் என்றாய். அப்புறம், "சீஃப் ஆபீசர்னு பேருதாம்மா, நான் சொல்றத எவனும் காதுல வாங்க மாட்டேங்கிறான்" என்றாய். நான் பதில் சொல்ல வாயைத் திறப்பதற்குள் லைன் அறுந்துவிட்டது. மூன்று நாளாக அந்தப் பதிலை மனசுக்குள் உருட்டிக்கொண்டே இருந்தேன். போனில் சொல்லி முடிகிற நீளம் இல்லை, அதனால்தான் இந்தக் கடிதம். கையால் எழுதிவிட்டுப் பக்கத்து வீட்டுப் பெண்ணிடம் கொடுத்துப் போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லப் போகிறேன். எழுத்து புரியாவிட்டால் பெரிதாக்கிப் பார்த்துக்கொள்.

கேப் வெர்டி என்றதும் எனக்கு ஒரு குண்டு மனிதர் ஞாபகம் வந்தார். பெயர் சுஃப்ரேன். பிரெஞ்சுக் கடற்படைக்காரர். நான் பள்ளிக்கூடத்தில் வரலாறு நடத்திய காலமெல்லாம் பாடப் புத்தகத்தில் டூப்ளேயும் லாலியும்தான் வருவார்கள், அதோடு பிரெஞ்சுக்காரர்கள் கதையை முடித்து ராபர்ட் கிளைவுக்குப் போய்விடுவோம். நம் ஊர்க் கடலிலேயே கிடந்து சண்டை போட்ட இவருக்கு ஒரு வரி கிடையாது. ரிட்டயரான பிறகுதான் நான் இவரைத் தேடிப் படித்தேன். படிக்கப் படிக்க ஒரு பக்கம் பிரமிப்பு, ஒரு பக்கம் எரிச்சல். எரிச்சல் ஏன் என்று பின்னால் சொல்கிறேன்.

நீ தாண்டி வந்த கேப் வெர்டியில் பிரையா என்று ஒரு துறைமுகம் இருக்கிறதல்லவா, அங்கேதான் 1781 ஏப்ரல் 16ஆம் தேதி இவர் முதல்முதலாகத் தன் சொந்தப் பொறுப்பில் ஒரு சண்டையைத் தொடங்கினார். மார்ச் மாதம் பிரான்சின் பிரெஸ்ட் துறைமுகத்திலிருந்து ஐந்து கப்பலோடு கிளம்பியவர். கொடுத்த வேலை, தென்னாப்பிரிக்க முனையில் இருந்த டச்சுக்காரர்களின் கேப் குடியேற்றத்தை ஆங்கிலேயர் பிடிப்பதற்குள் அங்கே போய்ச் சேருவது. வழியில் தண்ணீர் பிடிக்க பிரையா பக்கம் ஒதுங்கினால், அதே கேப்பைப் பிடிக்கக் கிளம்பிய ஆங்கிலக் கப்பல்கள் ஜான்ஸ்டன் என்பவர் தலைமையில் அங்கே நங்கூரம் போட்டு நிற்கின்றன. ஆட்கள் நிறையப் பேர் கரையில். அது போர்ச்சுகல் துறைமுகம், நடுநிலை நாடு, அங்கே சண்டை போடக் கூடாது. சுஃப்ரேன் யோசிக்கவே இல்லை. நேராக உள்ளே புகுந்து, ஆங்கிலக் கப்பல்களுக்கு நடுவில் தன் 'எரோ' கப்பலை நங்கூரம் போட்டு நிறுத்திச் சுட ஆரம்பித்தார்.

நடுநிலைத் துறைமுகத்தில் இப்படிச் செய்யலாமா என்று கேட்பாய். 1759இல் போர்ச்சுகலின் லாகோஸ் கரையோரம் ஆங்கிலேயர் இதே நடுநிலையை மதிக்காமல்தான் பிரெஞ்சுக் கப்பல்களை எரித்தும் பிடித்தும் போனார்கள். அன்றைக்குப் பிடிபட்ட அதிகாரிகளில் இவரும் ஒருவர். இருபத்திரண்டு வருடம் அதை மறக்கவில்லை போலிருக்கிறது.

உனக்கு நான் சொல்ல வந்தது அதற்கப்புறம் நடந்ததை. பின்னால் வந்த 'அன்னிபால்' கப்பலின் கேப்டன், நடுநிலைத் துறைமுகத்தில் யார் சண்டை போடப் போகிறார்கள் என்று நினைத்துக்கொண்டு வந்ததால் பீரங்கிகளைத் தயார் செய்து வைக்கவில்லை. துணிச்சலாக உள்ளே வந்து, அடி வாங்கி, உயிரையும் விட்டார். மூன்றாவது கப்பலின் கேப்டனும் செத்தார், அந்தக் கப்பல் காற்றில் அடித்துக்கொண்டு வெளியே போய்விட்டது. மற்ற இரண்டும் தூரத்தில் பாய் விரித்தபடியே சுட்டுவிட்டு நகர்ந்தன. ஐந்தில் இரண்டுதான் உண்மையில் சண்டையில் இருந்தவை. கடைசியில் நங்கூர வடத்தை வெட்டிவிட்டு, பாய்மரம் எல்லாம் சாய்ந்த அன்னிபாலை இழுத்துக்கொண்டு கிளம்ப வேண்டியதாயிற்று.

ஆனால் அடிபட்ட ஜான்ஸ்டன் கப்பல்களைப் பழுது பார்த்துக்கொண்டிருந்த இடைவெளியில் இவர் ஜூன் மாதமே கேப்புக்குப் போய்ச் சேர்ந்துவிட்டார். கொடுத்த வேலை முடிந்தது. அரைகுறையாகச் சண்டை போட்டு முழுசாக ஜெயித்தார் என்று வைத்துக்கொள்.

சரி, யார் இவர்? தெற்குப் பிரான்சில் ப்ரொவான்ஸ் சீமையில் சேன்-கன்னா என்ற ஊரில் 1729இல் பிறந்தவர். பிரபு வீடுதான், ஆனால் மூன்றாவது பிள்ளை. அந்தக் காலத்துப் பிரபு வீடுகளில் மூத்தவனுக்குச் சொத்து, இளையவர்களுக்குச் சர்ச்சோ கப்பலோ. இவரைச் சின்ன வயதிலேயே மால்டா வீரத்துறவிகள் சபையில் பெயர் எழுதிவிட்டார்கள், அதனால் கல்யாணமும் கிடையாது. பதினாலு வயதில், 1743இல், தூலோன் துறைமுகத்தில் கடற்படைப் பயிற்சி அதிகாரி. மறு வருடமே முதல் சண்டை. பதினெட்டு வயதில் ஆங்கிலேயரிடம் முதல் முறை கைதி. முப்பதில் நான் சொன்ன லாகோஸ், இரண்டாம் முறை. நடுவில் சமாதானம் வந்த காலமெல்லாம் மால்டாவுக்குப் போய் சபையின் கப்பல்களில் வேலை. பிரெஞ்சுக் கடற்படையில் கேப்டன் பதவி கிடைத்தபோது வயது நாற்பதைத் தாண்டிவிட்டது. அமெரிக்கப் பக்கம் போய் தெஸ்தேன் என்ற தளபதியின் கீழ் இரண்டு வருடம். அந்தத் தளபதியின் தைரியத்தை மெச்சி, அவருடைய கப்பலோட்டும் திறமையைக் கேலி செய்ததாகச் சொல்வார்கள். அந்த வாய் கடைசி வரை அடங்கவில்லை.

ஐந்து கப்பலோடு தனியாக அனுப்பப்பட்டபோது ஐம்பத்தொன்று முடிந்து ஐம்பத்திரண்டை நெருங்கிக்கொண்டிருந்தார். முப்பத்தெட்டு வருட சர்வீஸ். உனக்கு முப்பத்திரண்டு வயதில் சீஃப் ஆபீசர் பதவி வந்துவிட்டது, அதனால் பதவி உயர்வு பற்றி நான் ஆறுதல் சொல்ல வேண்டியதில்லை. அத்தனை வருடம் காத்திருந்தவர் மனசு எப்படி ஆகியிருக்கும் என்பதுதான் என் யோசனை. தனக்கு மட்டும் எல்லாம் தெரிகிறது, மேலே இருப்பவர்களும் பக்கத்தில் இருப்பவர்களும் மந்தம் என்ற நினைப்பு முப்பத்தெட்டு வருடம் உள்ளே புளித்துக் கிடந்தால், கையில் அதிகாரம் வந்த அன்று அது எப்படி வெளியே வரும்?

மொரீஷியசில், அப்போது அதற்கு ஈல் த பிரான்ஸ் என்று பெயர், அங்கே இருந்த பிரெஞ்சுக் கப்பல்களோடு சேர்ந்து இந்தியாவுக்குக் கிளம்பினார்கள். தலைமை தோர்வ் என்ற மூத்தவருக்கு. வழியிலேயே நோய் முற்றி 1782 பிப்ரவரி 9ஆம் தேதி அவர் கடலில் இறந்துபோனார். பொறுப்பு சுஃப்ரேன் கைக்கு வந்தது. எட்டே நாளில், பிப்ரவரி 17ஆம் தேதி, சதுரங்கப்பட்டினத்துக்கு எதிரே முதல் சண்டை.

உனக்குச் சதுரங்கப்பட்டினம் ஞாபகம் இருக்கா? இரண்டாம் வகுப்பு லீவில் கல்பாக்கம் மாமா வீட்டுக்குப் போனபோது அந்த டச்சுக் கோட்டைக்குக் கூட்டிக்கொண்டு போனேன். கல்லறைக் கல்லில் செதுக்கியிருந்த மண்டை ஓட்டைப் பார்த்து நீ ராத்திரி முழுக்கத் தூங்கவில்லை. அந்தக் கோட்டைச் சுவரிலிருந்து தெரிகிறதே, அந்தக் கடல்தான்.

எதிரே ஆங்கிலேயரின் ஒன்பது கப்பல், தலைமை எட்வர்ட் ஹியூஸ். அந்தக் காலத்துக் கடற்சண்டை எப்படி என்றால், இரண்டு பக்கமும் கப்பல்களை வரிசையாக நிறுத்தி, எதிரெதிரே நகர்ந்தபடி சுட்டுக்கொள்வார்கள். இருட்டியதும் அவரவர் வழி. இரண்டு தரப்புக்கும் கப்பல் போகாது, இரண்டு பேருமே ஜெயித்ததாகக் கடிதம் எழுதிக்கொள்வார்கள். சுஃப்ரேனுக்கு இது பிடிக்காது. எதிரி வரிசையின் வால் பகுதியை மட்டும் பிடித்து, அதன் இரண்டு பக்கத்திலும் நம் கப்பல்கள் போய் நசுக்க வேண்டும் என்பது அவர் கணக்கு. முன்னால் போகிற எதிரிக் கப்பல்கள் காற்றுக்கு எதிராகத் திரும்பி உதவிக்கு வருவதற்குள் வேலை முடிந்துவிடும். அன்றைக்குக் காற்றும் இவர் பக்கம். ஆங்கிலேயரின் பின் ஐந்து கப்பலோடு மோதினார். முன்னால் போன நான்கும் திரும்பி வர முடியாமல் தவித்தன. எக்ஸீட்டர் என்ற ஆங்கிலக் கப்பல் சல்லடையாகிவிட்டது.

பின்னால் இருந்த தன் கப்பல்களுக்கு, கைத்துப்பாக்கி எட்டும் தூரத்துக்கு நெருங்கி வா என்று கொடி ஏற்றினார். கொடி ஏறியது. கப்பல் வரவில்லை. பல கப்பல்கள் தூரத்திலேயே நின்றுகொண்டன. இருட்டியது. அவ்வளவுதான்.

இதே கதை அந்த ஒரு வருடத்தில் நான்கு தரம். ஏப்ரல் 12ஆம் தேதி இலங்கையின் கிழக்குக் கரையில், ப்ரொவிதியன் என்ற இடத்தில், ஹியூசோடு போட்ட மொத்தம் ஐந்து சண்டையில் ரத்தம் மிகவும் கொட்டியது அன்றுதான் என்று சொல்லலாம். இரண்டு பக்கமும் ஆளுக்கு 137 பேர் செத்தார்கள். சண்டைக்குப் பிறகு இரண்டு படையும் அடித்துப் போட்டது போல ஒன்றையொன்று பார்த்தபடி ஒரு வாரம் நங்கூரம் போட்டுக் கிடந்தன, யாருக்கும் எழுந்திருக்கத் தெம்பில்லை. ஜூலை 6ஆம் தேதி நாகப்பட்டினத்துக்கு எதிரே. அன்றைக்குச் சண்டை நடுவில் திடீரென்று காற்று மாறி இரண்டு வரிசையும் கலைந்து குழம்பிவிட்டது. பிரெஞ்சுக்காரர்களுக்கு 178 பேர் சாவு, ஆங்கிலேயருக்கு 77. 'செவேர்' என்ற பிரெஞ்சுக் கப்பலின் கேப்டன் பயந்து சரணடையக் கொடியை இறக்கினான். கீழ் அதிகாரிகள் ஒத்துக்கொள்ளாமல் கொடியை மறுபடி ஏற்றிச் சண்டையைத் தொடர்ந்தார்கள். அந்தக் கேப்டனையும் வேறு சிலரையும் சுஃப்ரேன் பதவியிலிருந்து இறக்கினார்.

இதற்கெல்லாம் நடுவே அவருக்கு ஒதுங்க ஒரு துறைமுகம் இல்லை என்பதை நினைத்துப் பார். புதுச்சேரி 1778லேயே ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது. ஏப்ரலில் பிரெஞ்சுப் படையும் ஹைதர் அலி ஆட்களும் நம் கடலூரைப் பிடித்தார்கள், சரி, ஆனால் கடலூரில் பெரிய கப்பல் எங்கே நிற்பது? இங்கே கெடிலத்து முகத்துவாரமும் அலையும் எப்படி என்று உனக்கே தெரியும். வெளியே நங்கூரம் போட்டுவிட்டு, அலையைத் தாண்டிப் போகும் மசூலாப் படகில் அரிசி மூட்டையையும் தண்ணீர்ப் பீப்பாயையும் ஏற்றிக்கொண்டு போக வேண்டும். உடைந்த பாய்மரத்துக்கு மாற்று மரம் ஐரோப்பாவிலிருந்து வர வேண்டும், வரவில்லை. சின்ன ஃபிரிகேட் கப்பல்களின் மரங்களைக் கழற்றிப் பெரிய கப்பல்களுக்கு மாட்டினார். மொரீஷியசுக்குத் திரும்பி வா என்று உத்தரவு வந்ததற்கு, நான் போனால் இந்தக் கரையே போய்விடும் என்று போகாமல் இருந்துவிட்டார். வாடைக்காற்றுக் காலத்தில் இந்தக் கரையில் எந்தக் கப்பலும் நிற்க முடியாது, ஹியூஸ் பம்பாய்க்குப் போனார், இவர் சுமத்ராவில் ஆச்சேவுக்குப் போய் மழையைக் கழித்தார். மொத்தக் கிழக்குக் கரைக்கும் ஒதுங்க ஒரே நல்ல இடம் திருகோணமலை. அதை 1782 ஆகஸ்ட் கடைசியில் ஆங்கிலேயரிடமிருந்து பிடித்தார். கோட்டை கைக்கு வந்து மூன்றாம் நாள் ஹியூஸ் வந்து நின்றார், ரொம்பத் தாமதமாக.

ஹைதர் அலியைக் கடலூருக்குப் பக்கத்து முகாமில் பார்த்த கதை எனக்கு ரொம்பப் பிடிக்கும். மனிதர் சரியான குண்டு, சாப்பாட்டுப் பிரியர், சம்மணம் போட முடியவில்லை. அதைக் கவனித்த ஹைதர், திண்டுகளைக் கொண்டுவரச் சொல்லி, உங்களுக்கு எப்படி வசதியோ அப்படி உட்காருங்கள் என்றாராம். திருகோணமலையில் அவரைப் பார்த்த ஓர் ஆங்கில வக்கீல், பார்த்தால் கசாப்புக் கடைக்காரர் போல இருந்தார் என்று எழுதி வைத்திருக்கிறார். பழைய செருப்பு, இறங்கிய காலுறை, மடித்துவிட்ட சட்டைக் கை. எனக்கு உன் தாத்தா ஞாபகம்தான் வந்தது.

இனி திருகோணமலைச் சண்டை. செப்டம்பர் 3. இதைத்தான் உனக்குச் சொல்ல வேண்டும் என்று மூன்று நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

இவரிடம் பதினான்கு கப்பல், ஹியூசிடம் பன்னிரண்டு. கேப்டன்கள் துறைமுகத்திலேயே இருக்கலாம் என்றார்கள், இவர் கேட்கவில்லை. வெளியே போனதும் வரிசை சரியாக நிற்கவில்லை. ஒரு கொடி, அதைத் திருத்தி இன்னொரு கொடி, மறுபடி இன்னொன்று. யாருக்கும் எதுவும் புரியவில்லை, அல்லது புரியாத மாதிரி இருந்துகொண்டார்கள். பொறுமை போய், கொடியைக் கவனியுங்கள் என்று அதட்டுவதற்காக ஒரே ஒரு பீரங்கியைச் சுடச் சொன்னார். அந்தச் சத்தத்தைக் கேட்டு அவருடைய சொந்தக் கப்பலின் ஆட்களே, சண்டை ஆரம்பித்துவிட்டது என்று நினைத்து ஒரு பக்கத்துப் பீரங்கிகள் மொத்தத்தையும் வெடித்துவிட்டார்கள். அதைப் பார்த்து மற்ற கப்பல்களும் இருந்த இடத்திலிருந்தே, தூரத்திலிருந்தே சுட ஆரம்பித்துவிட்டன. நெருங்கிப் போய் அடிக்க வேண்டும் என்ற திட்டம் அங்கேயே செத்தது. எரோவும் இன்னும் இரண்டு கப்பலும் மட்டும் ஆங்கிலேயர் நடுவில் தனியாக மாட்டிக்கொண்டன. எரோவின் பெரிய பாய்மரம் கொடியோடு சாய்ந்தபோது, சரணடைந்துவிட்டதாக எதிரி நினைத்துவிடக் கூடாதே என்று, இருக்கிற வெள்ளைக் கொடியை எல்லாம் கட்டுங்கள் என்று கத்தினாராம். வெள்ளைதான் அப்போது பிரெஞ்சு ராஜாவின் கொடி.

தப்பி வந்தார். ஆனால் அந்த மாதமும் அடுத்த மாதமும் இரண்டு பெரிய கப்பல்கள் எதிரி கை படாமலே போயின. ஒன்று திருகோணமலை வாசலில் தட்டி, இன்னொன்று நம் கடலூர்க் கரையில் தட்டி. ஹியூசோடு ஐந்து சண்டை போட்டும் ஒரு கப்பலைக்கூடப் பறிகொடுக்காதவருக்கு இப்படி ஆயிற்று. கடற்படை அமைச்சர் காஸ்ட்ரிக்கு, என் நெஞ்சு உடைந்துபோயிற்று, எல்லாரும் கைவிட்டார்கள் என்று எழுதினார். நான்கு கேப்டன்கள் உடம்பு சரியில்லை, ஊரில் வேலை இருக்கிறது என்று காரணம் சொல்லி விலகிப் போனார்கள். போங்கள் என்று விட்டுவிட்டார்.

அவர் பக்கம் நியாயம் இல்லாமல் இல்லை. அந்தக் கேப்டன்களில் சிலர் மொரீஷியசில் சொகுசாக இருந்து பழகியவர்கள். பலர் பிரெஸ்ட் பக்கத்து ஆட்கள், இவர் தூலோன்காரர், அந்த ஊர்ச் சண்டை வேறு. ஆனால் படித்த வரையில் எனக்குத் தோன்றுவது இது. வாலைப் பிடித்து இரண்டு பக்கமும் நசுக்குவது என்ற அந்த யோசனை அவர்கள் யாருக்கும் பழக்கமில்லாதது. அவர்கள் படித்த பாடம் வரிசை குலையாமல் நிற்பது. புதுசாக ஒன்றைச் செய்ய வைக்க வேண்டும் என்றால் முந்தின நாள் ராத்திரியே உட்கார வைத்து, காற்று இப்படி இருந்தால் நீ இங்கே, அப்படி இருந்தால் நீ அங்கே என்று பேசியிருக்க வேண்டாமா? இருபது வருடம் கழித்து ஆங்கிலக் கடற்படைத் தளபதி நெல்சன் அதைத்தான் சாப்பாட்டு மேசையில் செய்தார். இவர் தனக்குள்ளேயே கணக்குப் போட்டுவிட்டு, விடிந்ததும் கொடி ஏற்றினார். வராவிட்டால் திட்டினார். திட்டு வாங்கினவன் அடுத்த தடவை இன்னும் கொஞ்சம் தூரம் நின்றான்.

எனக்கு எரிச்சல் வந்தது இந்த இடத்தில்தான். ஏன் தெரியுமா, நானும் இதைத்தான் செய்தேன்.

நீ அப்போது காலேஜில் இருந்தாய், உனக்கு முழுசாகத் தெரியாது. நான் தலைமை ஆசிரியை ஆன முதல் வருடம், பத்தாம் வகுப்பில் கணக்கில் நிறையப் பிள்ளைகள் தவறிக்கொண்டிருந்தார்கள். ஒரு வாரம் ராத்திரி கண் விழித்து நானே ஒரு திட்டம் போட்டேன். எந்தப் பிள்ளைக்கு எந்த ஆசிரியர், காலையில் எத்தனை மணி, எந்தப் பாடம், எல்லாம் கட்டம் போட்டு. இன்றைக்குப் பார்த்தாலும் நல்ல திட்டம்தான். திங்கட்கிழமை சுற்றறிக்கையாக அனுப்பினேன். எல்லாரும் கையெழுத்துப் போட்டார்கள். ஒருத்தர்கூடச் செய்யவில்லை. கூப்பிட்டுச் சத்தம் போட்டேன். அடுத்த சுற்றறிக்கைக்குக் கையெழுத்து இன்னும் வேகமாக வந்தது. கணக்கு டீச்சர் ஒருத்தி மருத்துவ விடுப்பில் போனாள், பின்னாலேயே இன்னொருத்தி. வீட்டுக்கு வந்து உன் அப்பாவிடம், எல்லாம் சோம்பேறிகள் என்று அழுதேன். அந்தக் கணக்கு டீச்சரின் மாமியார் அப்போது படுத்த படுக்கை, காலை ஏழு மணிக்கு அவளால் எப்படி வர முடியும் என்று வருடக் கடைசியில் ஆயாம்மா சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது. என் கட்டத்தில் அதற்கு இடமே இல்லை.

சரி, என் கதை கிடக்கட்டும்.

சுஃப்ரேனைப் பற்றி நல்லதாகவே எழுதிக்கொண்டு போனால் நீ அம்மாவுக்கு அவர் மேல் பக்தி என்பாய். ஒன்றை மட்டும் என்னால் மன்னிக்க முடியவில்லை. 1782 ஆகஸ்டில் அவரிடம் நூற்றுக்கணக்கான ஆங்கிலக் கைதிகள் இருந்தார்கள். மாற்றிக்கொள்ளலாம் என்று மதராசுக்குச் சொல்லிப் பார்த்தார், நடக்கவில்லை. சோறு போட வழியில்லை, அடைத்து வைக்கக் கப்பலிலும் இடமில்லை. எல்லாரையும் ஹைதர் அலியிடம் ஒப்படைத்துவிட்டார். அதில் கப்பலில் எடுபிடி வேலை பார்த்த சின்னப் பையன்களும் உண்டு. அவர்களைக் கடலூரிலிருந்து மைசூர்ச் சீமை வரை நடத்திக்கொண்டு போனார்கள். சிலர் ஏறக்குறைய பத்து வருடம் அங்கேயே கிடந்தார்கள். இரண்டு முறை கைதியாக இருந்தவருக்கு அந்தப் பையன்களின் வயிற்றெரிச்சல் தெரியாமலா இருக்கும்? தெரிந்தும் செய்தார்.

கடைசிச் சண்டை நம் ஊரில். 1783 ஜூன். கடலூருக்குள் புஸ்ஸி தலைமையில் பிரெஞ்சுப் படை, வெளியே ஆங்கிலப் படை முற்றுகை, கடலில் ஹியூஸ் பதினெட்டுக் கப்பலோடு. சுஃப்ரேனிடம் பதினைந்து, அதிலும் பீரங்கிக்கு ஆள் பற்றாது. புஸ்ஸியிடம் கேட்டு 1,200 சிப்பாய்களைக் கப்பலில் ஏற்றிக்கொண்டார், அதில் பாதிப் பேர் இந்தியச் சிப்பாய்கள். அவர்களில் தேவனாம்பட்டினத்துக்காரன், பரங்கிப்பேட்டைக்காரன் எத்தனை பேரோ என்று அடிக்கடி நினைத்துக்கொள்வேன். இந்த முறை தளபதி வரிசையில் நிற்கக் கூடாது, தனியாக ஃபிரிகேட்டில் இருந்து நடத்த வேண்டும் என்று ராஜா உத்தரவு. ஒரு வருடம் முன்னால் தெ கிராஸ் என்ற தளபதி மேற்கிந்தியத் தீவுகளில் தன் கப்பலோடு சிறைப்பட்டதால் வந்த பயம். யார் உத்தரவையும் லட்சியம் செய்யாதவர் இதற்கு மட்டும் கீழ்ப்படிந்து 'கிளியோபாத்ர்' என்ற ஃபிரிகேட்டில் ஏறினார். ஜூன் 20 சாயங்காலம் தொடங்கி இருட்டும் வரை சண்டை. இந்த முறை புதுத் திட்டம் ஒன்றுமில்லை, வரிசைக்கு வரிசை பழைய பாணி. கேப்டன்கள் எல்லாரும் அவரவர் இடத்தில் நின்றார்கள்! ஹியூசின் ஆட்கள் ஸ்கர்வி நோயில் நிறையப் பேர் படுத்திருந்தார்கள், குடிதண்ணீரும் தீர்ந்துகொண்டிருந்தது. அவர் மதராசுக்குத் திரும்பிவிட்டார். கடலூர் தப்பியது. கரைக்கு வந்தவரைச் சிப்பாய்கள் பல்லக்கில் வைத்துத் தூக்கினார்கள் என்பார்கள். அந்த உடம்பைத் தூக்கியவர்கள் பாடு என்ன ஆயிற்றோ.

ஒன்பது நாள் கழித்து ஓர் ஆங்கிலக் கப்பல் வெள்ளைக்கொடியோடு வந்தது, ஐரோப்பாவில் சமாதானம் பேசி மாதங்கள் ஆகிவிட்டன என்று. நம் ஊர்க் கரையில் அவ்வளவு பேர் செத்தது, முடிந்துபோன போருக்காக.

ஊருக்குத் திரும்பும் வழியில் கேப்டவுனில் நங்கூரம் போட்டபோது அங்கே ஆங்கிலக் கப்பல்களும் நின்றன. அவற்றின் கேப்டன்கள், இத்தனை நாள் இவரோடு சண்டை போட்டவர்கள், ஏறி வந்து வணக்கம் சொல்லிவிட்டுப் போனார்கள். அதைப் பற்றி அவருக்கு ரொம்பப் பெருமை. 1784 மார்ச்சில் தூலோனுக்குப் போய்ச் சேர்ந்ததும் ராஜா அவருக்கென்றே நான்காவதாக ஒரு வைஸ் அட்மிரல் பதவியை உண்டாக்கினார், அவர் காலத்தோடு அது முடிந்துவிடும் என்ற நிபந்தனையோடு. 1788 டிசம்பரில் பாரிசில் இறந்தார். ரத்தம் வடித்து வைத்தியம் பார்த்ததில் போனார் என்பார்கள், வாள் சண்டையில் குத்துப்பட்டார் என்றும் ஒரு வதந்தி. புரட்சியின்போது அவர் கல்லறையையும் உடைத்துவிட்டார்கள். இப்போது பிரான்சின் அணுசக்தி நீர்மூழ்கிக் கப்பல் ஒன்றுக்கு அவர் பெயர்.

நேற்றுச் சாயங்காலம் அப்பாவைக் கூட்டிக்கொண்டு தேவனாம்பட்டினம் கடற்கரைக்குப் போனேன். சுண்டல் வாங்கித் தந்தேன், காரம் என்று பாதியை எனக்கே கொடுத்துவிட்டார். பிசார் என்ற கப்பல் தட்டி உடைந்தது இந்தப் பக்கத்துக் கடலில்தான் என்றேன். கருப்புக் கண்ணாடியைக் கழற்றிக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "ஒண்ணும் தெரியலையே" என்றார்.

கேப்டவுன் நெருங்கும்போது சிக்னல் கிடைத்தால் ஒரு வரி மெசேஜ் போடு. அங்கே குளிர் காலம் தொடங்கிவிடும், கடல் மோசமாக இருக்கும், ஸ்வெட்டரைப் பெட்டி அடியில் வைத்திருக்கிறேன், எடுத்துப் போடு. மாங்காய் ஊறுகாய் பாட்டிலைச் சமையல்காரரிடம் மொத்தமாகக் கொடுத்துவிடாதே. அப்புறம், உங்கள் கப்பல் ஆட்களை வேலை வாங்கும் போசனுக்கு எத்தனை பிள்ளைகள், எந்த ஊர் என்று போன மாதமே கேட்டேன். தெரியாது, கேட்டுச் சொல்கிறேன் என்றாய். இன்னும் சொல்லவில்லை.

அன்புடன்,
அம்மா